வண்டி வாங்குவதற்கு முன்: தொலைதூர ஊரில் தன்னார்வத் தீயணைப்புக் குழு

கேள்வி இதுதான்: "எங்கள் ஊரில் நானூறு வீடுகள், சிதறிக் கிடக்கின்றன. அருகிலுள்ள தீயணைப்பு நிலையத்திலிருந்து வண்டி வந்து சேர ஐம்பது நிமிடம் ஆகிறது. பழைய தீயணைப்பு வண்டி ஒன்றை வாங்கி, ஊர் மக்களே ஒரு தன்னார்வக் குழு தொடங்கலாம் என்று பேச்சு நடக்கிறது. வேறு வேலை பார்க்கும் எங்களைப் போன்றவர்களால் உண்மையில் என்ன செய்ய முடியும்? வண்டி வந்துவிட்டால் போதுமா? பெண்களும் வயதானவர்களும் சேரலாமா?"

தொடங்கலாம். தொடங்கவும் வேண்டும். ஆனால் வண்டியிலிருந்து தொடங்காதீர்கள். இத்தகைய குழுக்களுக்குப் பயிற்சி கொடுப்பதில் பல ஆண்டுகள் செலவிட்டவன் நான். வண்டி கொட்டகைக்குள் துடைத்து மெருகேற்றி நிற்க, அதை ஓட்டத் தெரிந்த இருவரும் வெளியூரில் இருந்ததால் ஒரு வீடு முழுதும் எரிந்துபோனதைக் கண்ணால் பார்த்திருக்கிறேன். அந்த ஊருக்கு வண்டி இருந்தது, குழு இல்லை. நீங்கள் முதலில் எண்ண வேண்டியவை இரண்டு: தண்ணீர், ஆட்கள். வண்டி அதற்குப் பிறகு.

"எங்களைப் போன்றவர்கள்" என்று தயங்கி எழுதியிருக்கிறீர்கள். அந்தத் தயக்கம் வேண்டாம். சிலி நாட்டில் தீயணைப்போர் அனைவரும் தன்னார்வலர்கள்தாம். வால்பரைசோ துறைமுகத்தில் 1851இல் தொடங்கிய மரபு அது. ஆஸ்திரியாவில் சம்பளம் பெறும் முழுநேரத் தீயணைப்புப் படை வியன்னா, கிராஸ், லின்ஸ் உள்ளிட்ட ஆறு நகரங்களில் மட்டுமே உண்டு. மற்ற இடங்களில் தச்சரும் ஆசிரியரும் விவசாயியும்தான் தீயை அணைக்கிறார்கள். ஜெர்மனியில் இப்படிப் பணியாற்றுவோர் ஏறத்தாழ பத்து லட்சம் பேர். பெஞ்சமின் பிராங்க்ளின் 1736இல் பிலடெல்பியாவில் தொடங்கிய குழுவை நான் பயிற்சி வகுப்புகளில் அடிக்கடி குறிப்பிடுவேன். அந்தக் குழுவில் சேர்ந்தவர்கள் முதலில் கொண்டுவர வேண்டியது தோல் வாளிகளும், வீட்டுப் பொருள்களை அள்ளி வெளியேற்றப் பைகளும். மாதக் கூட்டத்துக்கு வராதவர்கள் அபராதம் கட்டினார்கள். அந்த அபராதக் காசு சேர்ந்த பிறகே எந்திரங்களும் ஏணிகளும் வாங்கப்பட்டன. ஆள் முதலில், எந்திரம் பிறகு என்ற அந்த வரிசை இன்றும் மாறவில்லை.

இனி, தீயின் கணக்கு. பொருள்களின் பாதுகாப்பைச் சோதிக்கும் அமெரிக்காவின் யு.எல். ஆய்வகம் இரண்டு அறைகளை எரித்து ஒப்பிட்டது. ஒன்றில் பழைய காலத்து மரம், பருத்தி அறைகலன்கள். மற்றொன்றில் இன்றைய நுரை மெத்தை, செயற்கை இழைத் துணிகள். பழைய அறை முழுமையாகப் பற்ற ஏறத்தாழ அரைமணி நேரம் ஆயிற்று. புதிய அறைக்கு நான்கு நிமிடம்கூட ஆகவில்லை. கூரையடியில் தேங்கும் புகை சூடேறிச் சூடேறி, அறையின் வெப்பம் 500 முதல் 600 டிகிரி செல்சியஸை நெருங்கும்போது, அதிலுள்ள எல்லாப் பொருள்களும் ஏறக்குறைய ஒரே நேரத்தில் பற்றிக்கொள்கின்றன. அதன்பின் அங்கே உயிரோடு யாரும் இருக்க முடியாது. முழுப் பாதுகாப்பு உடை அணிந்த வீரராலும் சில நொடிகளே தாங்க முடியும்.

இதை வைத்துப் பார்த்தால், உங்கள் குழு எவ்வளவு சுறுசுறுப்பாக இருந்தாலும், தீ தொடங்கிய அறையைப் பெரும்பாலும் காப்பாற்ற இயலாது. இதை ஊரார் முன்னிலையில் முதல் கூட்டத்திலேயே சொல்லிவிடுங்கள். நீங்கள் காப்பாற்றக்கூடியவை வேறு: பக்கத்து வீடு, தொழுவம், வைக்கோல் படப்பு, காட்டு ஓரம், சில சமயம் அதே வீட்டின் மறுபாதி. ஐம்பது நிமிடம் கழித்து வரும் பெரிய படை ஒரு வீட்டுத் தீயை எதிர்கொள்ளப் போகிறதா, ஒரு தெருவே எரிவதை எதிர்கொள்ளப் போகிறதா என்பது உங்கள் கையில் இருக்கிறது. உயிர்களைப் பொறுத்தவரை, குழுவின் மிகச் சிறந்த வேலை தீ பற்றுவதற்கு முன்னாலேயே நடக்கிறது. வீடு வீடாகப் போய்ப் புகை எச்சரிக்கைக் கருவி பொருத்துங்கள், ஆண்டுதோறும் அதன் பேட்டரியைப் பாருங்கள். வேலை செய்யும் எச்சரிக்கைக் கருவி உள்ள வீடுகளில் தீயால் இறப்போர் விகிதம் பாதிக்கும் கீழே இறங்குகிறது என்பதை அமெரிக்கப் புள்ளிவிவரங்கள் தொடர்ந்து காட்டுகின்றன. ஐம்பது நிமிடத் தொலைவில் உள்ள ஊருக்கு இதைவிடப் பயன்தரும் செலவு எனக்குத் தெரியவில்லை.

அடுத்தது தண்ணீர். இந்த இடத்தில்தான் பெரும்பாலான புதிய குழுக்கள் தவறுகின்றன, ஆகவே கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன்.

ஒருவர் கையில் பிடித்து இயக்கும் 38 அல்லது 45 மில்லிமீட்டர் குழாய், வீட்டுத் தீயை எதிர்கொள்ள நிமிடத்துக்குச் சுமார் 400 லிட்டர் பீய்ச்ச வேண்டும். நீங்கள் வாங்க நினைக்கும் வண்டியில் 2,000 லிட்டர் தொட்டி இருந்தால், ஐந்து நிமிடத்தில் அது காலி. நகரத்தில் இந்தக் கேள்வி எழாது. தெருமுனையில் நீர்க்குழாய் இருக்கும். உங்களுக்குத் தண்ணீரைச் சுமந்துவரத்தான் வேண்டும். 8,000 லிட்டர் கொள்ளும் ஒரு தண்ணீர் லாரியை எடுத்துக்கொள்வோம். நிரப்ப எட்டு நிமிடம், தீயிடத்துக்கு வரப் பத்து நிமிடம், இறக்க நான்கு நிமிடம், திரும்பிப் போகப் பத்து நிமிடம்: மொத்தம் 32 நிமிடம். 8,000ஐ 32ஆல் வகுத்தால் நிமிடத்துக்கு 250 லிட்டர். அதாவது அவ்வளவு பெரிய லாரியும், அதுவே இடைவிடாமல் ஓடினாலும், ஒரே ஒரு குழாய்க்குக்கூடத் தண்ணீர் கொடுக்காது. இரண்டு லாரிகள் வேண்டும், அல்லது நீர்நிலை இன்னும் அருகில் இருக்க வேண்டும். நிரப்பும் பம்பையும் இறக்கும் வாயையும் பெரிதாக்கினாலும் சில நிமிடங்கள் மிச்சமாகும். வேகமாக ஓட்டி அந்த நிமிடங்களை மிச்சப்படுத்த முயலக் கூடாது. ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

லாரி வந்து காத்துக்கொண்டு நிற்கக் கூடாது என்பதற்காகத்தான் மடிப்புத் தொட்டி பயன்படுகிறது: தார்ப்பாயும் இரும்புச் சட்டமும் கொண்டு, தீயிடத்திலேயே இரண்டு பேர் விரித்துவிடக்கூடியது. லாரி தண்ணீரை அதில் கொட்டிவிட்டுத் திரும்பிவிடும். வண்டியின் பம்ப் தொட்டியிலிருந்து உறிஞ்சிக்கொள்ளும். என்னைக் கேட்டால், இரண்டாவது வண்டியைவிட முதல் மடிப்புத் தொட்டி முக்கியம்.

குளம், கிணறு, ஓடையிலிருந்து நேரடியாக உறிஞ்சுவதாக இருந்தால் இயற்கை ஒரு வரம்பு வைத்திருக்கிறது. பம்ப் தண்ணீரை இழுப்பதில்லை. பம்ப் காற்றை வெளியேற்ற, வெளியிலிருக்கும் வளிமண்டல அழுத்தம் தண்ணீரைத் தள்ளி ஏற்றுகிறது. கடல் மட்டத்தில் அது கோட்பாட்டளவில் 10.3 மீட்டர், நடைமுறையில் ஏழு மீட்டர் கிடைத்தாலே நல்லது. மலையூராக இருந்தால் ஒவ்வோர் ஆயிரம் மீட்டர் உயரத்துக்கும் ஏறத்தாழ ஒரு மீட்டர் குறையும். பதினைந்து மீட்டர் ஆழக் கிணற்றின் மேலே எவ்வளவு விலையுயர்ந்த வண்டியை நிறுத்தினாலும் அது ஒரு சொட்டும் ஏற்றாது. அங்கே நீரில் மூழ்கும் மோட்டார்தான் வழி, அதற்கு மின்சாரம் வேண்டும், தீ விபத்தின்போது மின்சாரம் துண்டிக்கப்படும் என்பதையும் நினைத்துப் பாருங்கள். பம்ப் உறிஞ்ச மறுத்தால் பத்தில் எட்டு முறை குற்றவாளி பம்ப் அல்ல. உறிஞ்சு குழாயின் இணைப்பில் இருக்கும் ரப்பர் வளையம் காய்ந்து, காற்று புகுந்திருக்கும். இது என் அனுபவக் கணக்கு. அந்த வளையங்களை மாதம் ஒருமுறை தொட்டுப் பாருங்கள்.

ஒரு லிட்டர் தண்ணீர் ஒரு கிலோ. 8,000 லிட்டர் என்றால் எட்டு டன், அதோடு வண்டியின் எடை. உங்கள் ஊருக்குள் வரும் சிறு பாலங்கள் அதைத் தாங்குமா? பாதி நிரம்பிய தொட்டி இன்னும் ஆபத்து. வளைவில் தண்ணீர் ஒரு பக்கமாகச் சரிந்து வண்டியையே கவிழ்க்கும். தொட்டிக்குள் தடுப்புத் தகடுகள் இல்லாத, பால் அல்லது எரிபொருள் சுமந்த பழைய லாரியைத் தண்ணீர் லாரியாக மாற்றித் தன்னார்வலர்கள் உயிரிழந்த விபத்துகள் பல உண்டு. முழுதாக நிரப்புங்கள் அல்லது முழுதாகக் காலி செய்யுங்கள், மெதுவாக ஓட்டுங்கள். மேலே சொன்ன பத்து நிமிடம் பன்னிரண்டாகட்டும்.

ஆட்கள் விஷயத்துக்கு வருகிறேன். தன்னார்வப் படைகளுக்கென அமெரிக்காவில் வகுக்கப்பட்ட என்.எஃப்.பி.ஏ. 1720 என்ற தரவிதி, கிராமப் பகுதியில் 14 நிமிடத்துக்குள் ஆறு பேர் களத்தில் இருக்க வேண்டும் என்கிறது, பத்தில் எட்டு அழைப்புகளிலாவது. மிகத் தொலைவான இடங்களுக்கு நேர வரம்பைத் தளர்த்திவிட்டு, நான்கு பேரையாவது கேட்கிறது. ஆறு பேர் வேண்டுமென்றால் எத்தனை பேரைச் சேர்க்க வேண்டும்? பட்டியலில் இருபது பெயர் இருக்கும். இரவு இரண்டு மணிக்குப் பதினைந்து பேர் ஓடி வருவார்கள். காலை பதினொரு மணிக்கு எத்தனை பேர் ஊரில் இருப்பார்கள் என்று எண்ணிப் பாருங்கள். வேலைக்குப் போனவர்கள், சந்தைக்குப் போனவர்கள், வெளியூர் போனவர்கள் போக, நான்கைந்து பேர் மிஞ்சினால் அதிகம். தன்னார்வக் குழுக்களின் மிகப் பெரிய ஓட்டை பகல்பொழுதுதான். இது எல்லா நாடுகளிலும் ஒன்றே. எனவே ஒரு தாளை எடுத்து, வாரத்தின் ஏழு நாள்களையும் நாளுக்கு ஆறு பொழுதுகளாகப் பிரித்து, ஒவ்வொரு கட்டத்திலும் யார் ஊரில் இருப்பார்கள் என்று எழுதுங்கள். காலியாக இருக்கும் கட்டங்களுக்கு ஏற்ற ஆட்களைத் தேடுங்கள். அருகில் தொழிற்கூடமோ பள்ளியோ பண்ணையோ இருந்தால், அழைப்பு வந்ததும் சம்பளம் பிடிக்காமல் ஆளை அனுப்ப முடியுமா என்று முதலாளியிடம் எழுத்தில் கேளுங்கள். ஜெர்மனியில் இது சட்டம். தனியார் முதலாளி கொடுத்த ஊதியத்தை உள்ளாட்சி அமைப்பு ஈடுசெய்கிறது. உங்களிடம் அப்படிச் சட்டம் இல்லாவிட்டாலும் வாக்குறுதி பெறலாம்.

எரியும் கட்டடத்துக்குள் நுழைவதைப் பற்றி ஒன்று. முதல் இரண்டு ஆண்டுகளுக்கு உங்கள் குழு உள்ளே போகாது என்று விதி செய்யுங்கள். உள்ளே போக மூச்சுக்கருவி வேண்டும், அதை இருட்டில் கழற்றி மாட்டும் பழக்கம் வேண்டும், இருவர் உள்ளே போனால் அவர்களை மீட்க ஆயத்தமாக இருவர் வெளியே நிற்க வேண்டும், அவர்கள் தவிரப் பம்பில் ஒருவர், கட்டளையிட ஒருவர். ஆறு பேர் இல்லாமல் இது நடக்காது. கற்றுக்குட்டி ஒருவர் சூடான அறைக்குள் தண்ணீரை வாரி அடித்தால், ஒவ்வொரு லிட்டரும் 1,700 லிட்டர் நீராவியாக விரிந்து அவரையே வேகவைக்கும். வெளியிலிருந்து ஜன்னல் வழியாகக் கூரையை நோக்கி நேரான தாரையை அரை நிமிடம் செலுத்தினாலே உள்ளே வெப்பம் பெருமளவு தணியும். அதை யாரும் பழகலாம். மின்சாரத்தைத் துண்டிக்காமல் எதையும் தொடாதீர்கள். எரிவாயு உருளையின் வாயில் சுடர் எரிந்தால், வால்வை மூட முடிந்தால் ஒழிய அந்தச் சுடரை அணைக்காதீர்கள். அணைத்தால் வாயு பரவி, எங்கோ ஒரு பொறியில் வெடிக்கும். தொலைவில் மறைவாக நின்று உருளையைக் குளிர்வித்துக்கொண்டிருங்கள். உருளையே தீயில் கிடந்து வேகிறது என்றால் எல்லோரையும் விலக்கிவிட்டு நீங்களும் விலகுங்கள்.

காட்டுத்தீயும் புல்தீயும் உங்களுக்கு அதிகம் வரலாம். அதில் ஆளைக் கொல்வது பெரும்பாலும் காற்று திசை மாறுவதுதான். ஆஸ்திரேலியாவில் 1983 பிப்ரவரி 16 அன்று, சாம்பல் புதன் தீ என்று பெயர்பெற்ற அந்த நாளில், 75 பேர் இறந்தார்கள். அப்பர் பீக்கன்ஸ்ஃபீல்டு என்ற இடத்தில் மட்டும் காற்று திரும்பிய சில நிமிடங்களில் 12 தன்னார்வத் தீயணைப்போர் சிக்கி மாண்டார்கள். 1998 டிசம்பர் 2 அன்று விக்டோரியா மாநிலத்தின் லிண்டனில், அதே போலக் காற்று திரும்பியபோது ஒரு வண்டியிலிருந்த ஐந்து தன்னார்வலர்களும் இறந்தார்கள். அந்தச் சாவுகளை நினைத்து நான் எல்லாக் குழுக்களிடமும் வற்புறுத்தும் விதி: தொட்டியின் கடைசித் தண்ணீர் தீக்கு அல்ல, உங்கள் வண்டியைக் காக்க. அது மிஞ்சும்போதே களத்திலிருந்து விலகிவிடுங்கள். மேல்நோக்கிய சரிவில் பத்து டிகிரிக்கு ஒருமுறை தீயின் வேகம் ஏறக்குறைய இரட்டிப்பாகும். ஆகவே தீக்கு மேலே நிற்காதீர்கள். ஏற்கெனவே எரிந்து கருகிய தரையை ஒட்டி நின்று வேலை செய்யுங்கள், திடீரென்று ஓட வேண்டியிருந்தால் அதுவே புகலிடம். தோளில் மாட்டும் தெளிப்பானும், மண்வெட்டியும், பச்சைக் கொப்பும் கொண்டு பத்துப் பேர் ஓரங்களில் செய்யும் வேலைக்கு எந்த வண்டியும் ஈடாகாது.

ஊரில் எங்கே என்ன சேமிக்கப்பட்டிருக்கிறது என்பதைத் தெரிந்துவைத்திருப்பதும் தீயணைப்புதான். டெக்சாஸில் வெஸ்ட் என்ற சிற்றூரில், 2013 ஏப்ரல் 17 மாலை, உரக்கிடங்கு ஒன்று பற்றியது. ஊரின் தன்னார்வலர்கள் வழக்கம்போல் ஓடினார்கள். தகவல் வந்து ஏறத்தாழ இருபது நிமிடத்தில் உள்ளேயிருந்த அம்மோனியம் நைட்ரேட் வெடித்தது. இறந்த 15 பேரில் 12 பேர் உதவிக்குப் போனவர்கள். அவர்களுக்குத் துணிவு குறைவாக இருக்கவில்லை. எப்போது கிட்டே போகக் கூடாது என்று சொல்லும் திட்டம்தான் அவர்களிடம் இல்லை. உங்கள் ஊரின் உரம், பூச்சிமருந்து, டீசல், வெடிமருந்து இருக்கும் ஒவ்வொரு கிடங்கையும் வரைபடத்தில் குறியுங்கள். எது எரிந்தால் அணைப்பதற்குப் பதிலாக மக்களை வெளியேற்ற வேண்டும் என்று முன்கூட்டியே முடிவு செய்யுங்கள். அந்த நேரத்தில் முடிவெடுக்க விட்டால் கால்கள் தீயை நோக்கித்தான் ஓடும்.

தீயைவிட அதிகமாகச் சாலை விபத்து, மாரடைப்பு, கிணற்றில் விழுந்தவர், வெள்ளத்தில் சிக்கியவர் என்றுதான் அழைப்புகள் வரும் என்பதையும் எதிர்பாருங்கள். முதலுதவிப் பயிற்சி எல்லோருக்கும் வேண்டும்.

உங்கள் ஆட்களின் உடல்நலத்தை இப்போதே யோசியுங்கள். அமெரிக்காவில் பணியின்போது இறக்கும் தீயணைப்போரில் ஏறக்குறைய பாதிப் பேரை எடுத்துக்கொள்வது தீ அல்ல, திடீர் மாரடைப்பு. அடுத்தது வண்டி விபத்து, அதிலும் வீட்டிலிருந்து சொந்த வண்டியில் விரைந்து வரும்போது நடப்பவை கணிசம். நாற்பது வயதுக்கு மேற்பட்டவர்களுக்கு இதயப் பரிசோதனை செய்யாமல் குழாயைக் கையில் கொடுக்காதீர்கள். உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு 2022இல் தீயணைப்புத் தொழிலையே புற்றுநோய் உண்டாக்குவது உறுதியான முதல் பிரிவில் சேர்த்தது. தன்னார்வலருக்கு இது கூடுதலாகப் பொருந்தும், ஏனென்றால் புகை படிந்த உடையைக் கழற்றி, பிள்ளைகள் உட்காரும் அதே காரில் போட்டு வீட்டுக்கு எடுத்துப்போவது அவர்தான். உடைகள் கொட்டகையிலேயே இருக்க வேண்டும், அங்கேயே துவைக்க வேண்டும்.

இதை எழுதத் தயங்கினேன், ஆனால் சொல்லாமல் விடுவது நியாயமில்லை. நகரத்துத் தீயணைப்பு வீரர் முகம் தெரியாதவரைத் தூக்கி வெளியே கொண்டுவருகிறார். உங்கள் குழுவினர் தூக்கப் போவது பக்கத்து வீட்டுப் பெரியவரையும், தங்கள் பிள்ளையோடு படித்த பிள்ளையையும். மறுநாள் அதே குடும்பத்தைத் தெருவில் பார்க்க வேண்டும். "இன்னும் கொஞ்சம் முன்னால் வந்திருக்கலாமே" என்று யாராவது சொல்வார்கள். நல்ல ஆட்களைக் குழுக்கள் இழப்பது பெரும்பாலும் இப்படிப்பட்ட ஓர் அழைப்புக்குப் பிறகுதான். ஒவ்வொரு கடினமான அழைப்புக்குப் பிறகும், வண்டியைக் கழுவி முடித்த கையோடு, எல்லோரும் ஒரு மணி நேரம் சேர்ந்து உட்காருங்கள். நடந்ததை வரிசையாகச் சொல்லுங்கள். யார் மீதும் பழி போடாதீர்கள். உள்ளே கண்டதை வெளியே பேசக் கூடாது என்பதை விதியாகவே எழுதிவையுங்கள், ஏனென்றால் சிறிய ஊரில் ஒரு குடும்பத்தின் மிக மோசமான நாளை நேரில் பார்த்தவர்கள் நீங்கள். மூன்று வாரம் கழித்தும் தூங்காதவரை யாராவது ஒருவர் கவனித்துக் கேட்க வேண்டும்; மருத்துவரிடம் அழைத்துப்போகவும் வேண்டும்.

சட்ட விஷயங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அரசுத் தீயணைப்புத் துறையோடு எழுத்துமூலமான உடன்பாடு வேண்டும்: களத்தில் அவர்கள் வந்ததும் கட்டளை யாருடையது, வானொலித் தொடர்பு எந்த அலைவரிசையில், குழாய் இணைப்புகள் ஒரே அளவா. இணைப்பு பொருந்தாததால் இரண்டு படைகள் அருகருகே நின்றும் தண்ணீரைப் பகிர முடியாத அவலத்தை நினைத்துப் பாருங்கள். காயத்துக்கும் இறப்புக்கும் காப்பீடு இல்லாமல் முதல் அழைப்புக்குப் போகாதீர்கள்.

இவ்வளவும் ஆன பிறகு வண்டி. பழையது வாங்குவதில் தவறில்லை. ஓடிய தூரத்தைப் பார்த்து ஏமாற வேண்டாம்; தீயணைப்பு வண்டி நின்றபடியே எந்திரம் ஓட உழைப்பது, ஆகவே எந்திர மணிக்கணக்கைக் கேளுங்கள். ஒரு குளத்தருகே நிறுத்தி, உறிஞ்ச வைத்து, இருபது நிமிடம் தொடர்ந்து முழு அழுத்தத்தில் ஓடவிட்டுப் பாருங்கள். டயர்கள் தேயாமல் புதிதுபோல் இருக்கலாம். ஏழு ஆண்டு கடந்தவற்றை மாற்றிவிடுங்கள். உங்கள் தெருக்களில் திரும்புமா என்று ஒரு நாள் கடன் வாங்கி ஓட்டிப் பாருங்கள்.

கடைசிக் கேள்வி, பெண்களும் வயதானவர்களும் சேரலாமா என்பது. பகல்பொழுதில் ஊரில் இருப்பவர்கள் பெரும்பாலும் அவர்கள்தாம் என்றால், உங்கள் குழுவே அவர்கள்தாம். குழாய் பிடிப்பதற்கு உடற்தகுதித் தேர்வு வையுங்கள், ஆணுக்கும் பெண்ணுக்கும் அதே தேர்வு. பம்ப் இயக்குவதற்குத் தோள்வலு தேவையில்லை, காது கூர்மையும் பொறுமையும் தேவை. நான் பார்த்த மிகச் சிறந்த பம்ப் இயக்குநர்களில் ஒருவர் ஐம்பத்தெட்டு வயதுப் பெண்மணி, அழுத்தமானியைப் பார்க்காமல் எந்திரத்தின் ஒலியிலிருந்தே தண்ணீர் குறைவதைக் கண்டுகொள்வார். வாக்கிடாக்கியில் நிற்பது, யார் உள்ளே யார் வெளியே என்று பெயர்ப்பலகையில் கணக்கு வைப்பது, லாரிகளை வழிநடத்துவது என்று வேலைகள் நிறைய இருக்கின்றன. ஓட முடியாத எழுபத்தைந்து வயதுக்காரரை முதல் கூட்டத்துக்கே அழைத்துவந்து, ஊர் வரைபடத்தின் முன் உட்கார வையுங்கள். கோடையின் கடைசி மாதத்தில் எந்தக் கிணற்றில் தண்ணீர் இருக்கும், எந்தப் பாலம் மழைக்குப் பிறகு இறங்கும், எந்த வீட்டின் பின்பக்கம் வண்டி போகும் என்பதை அவர் சொல்லச் சொல்ல, ஓர் இளைஞர் குறித்துக்கொள்ளட்டும்.